எம்டன் போட்டிருந்த கோட்டு

கப்பலைத் தேடி மலையேறிய ஆள் உலகத்திலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

வட ஜெர்மனியில் ஒரு சின்ன அருங்காட்சியகத்தில் வேலை பார்க்கிறேன். பழைய ராணுவ உடுப்புகள் என் பொறுப்பு. கும்பகோணத்தில் யாராவது கேட்டால் “மியூசியத்தில் ஆபீசர்” என்று அம்மா சொல்லிக்கொள்வாள். உண்மையில் கம்பளிக் கோட்டுகளைப் பூச்சி அரிக்காமல் பார்த்துக்கொள்வதும், எந்தப் பொத்தான் எந்தப் போரைச் சேர்ந்தது என்று சக ஊழியர்களோடு சண்டை போடுவதும்தான் என் வேலை.

போன மார்கழிக்குக் கொஞ்சம் முன்னால், பழைய ராணுவச் சாமான் சேகரிப்பவர்களின் இணையக் குழு ஒன்றில் ஒரு படம் வந்தது. மங்கல் என்றால் அப்படி ஒரு மங்கல். கனத்த கம்பளிக் கை ஒன்று, தேய்ந்த உலோகப் பொத்தான் இரண்டு. துணி நீலமா சாம்பலா என்று பிரம்மாவே வந்தாலும் சொல்ல முடியாது. கீழே ஆங்கில எழுத்தில் “எம்டன் கோட், ஜெர்மன், கள்ளக்குறிச்சி” என்று இருந்தது.

எம்டன், முதல் உலகப் போரின்போது சென்னைத் துறைமுகத்தில் குண்டு போட்டுவிட்டு ஓடிய ஜெர்மன் போர்க்கப்பல். படத்தைப் பார்த்ததும் என் மேலதிகாரி மார்லீஸ் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டாள். அந்தக் கப்பலைச் சேர்ந்த சிலர் சிங்கப்பூரில் கைதிகளாக இருந்தவர்கள். அங்கே தமிழர்கள் ஏராளம். ஒரு மாலுமியின் கோட்டு கைமாறிக் கைமாறிக் கள்ளக்குறிச்சிக்கு வந்திருக்கக் கூடாதா? போர்க்கால உடுப்புகளைப் பற்றி நாங்கள் வைக்கவிருந்த கண்காட்சியில் ஒரு கண்ணாடிப் பெட்டி காலியாகக் கிடந்தது. “உன் ஊர்தானே, போய்ப் பார்த்துவிட்டு வா” என்றாள். கும்பகோணமும் கள்ளக்குறிச்சியும் அவளுக்கு ஒன்றுதான்.

இதில் வெட்கக்கேடு என்னவென்றால், தமிழ்நாட்டில் எம்டன் என்றால் கப்பல் மட்டும் இல்லை. யாருக்கும் மசியாத, எமகாதக ஆளுக்கும் அதுதான் பெயர். எங்கள் தெருக் கணக்கு வாத்தியாரையே அப்படித்தான் சொல்வோம். ஆனால் ஆங்கில எழுத்தில் எழுதி, பக்கத்தில் ஜெர்மன் என்றும் போட்டுவிட்டால், ஜெர்மனியில் உட்கார்ந்திருப்பவளுக்குக் கப்பல்தானே தெரியும்? எனக்கும் கப்பல்தான் தெரிந்தது.

முதல் நாள் கள்ளக்குறிச்சி. கோட்டை மடிக்காமல் எடுத்துப்போவதற்காக ஆள் நீளத்துக்கு ஒரு அட்டைப்பெட்டி கொண்டுபோயிருந்தேன். பேருந்து நிலையத்து ஷேர் ஆட்டோக்காரர் அதை மேலும் கீழும் பார்த்தார். “இன்னாம்மா இது, பொட்டியா, பீரோவா?” உள்ளே ஏற்கெனவே நெருக்கியடித்துக்கொண்டு ஜனம். ஒரு அம்மா தன் கத்தரிக்காய்ப் பையை என் பெட்டிமேல் வைத்தார். பிறகு அவரும் ஏறி உட்கார்ந்துகொண்டு, “ஒடையாதில்ல?” என்று கேட்டார். அந்தப் பெட்டி எங்கள் அலுவலகத்தில் வெள்ளைக் கையுறை போட்டுத் தூக்கப்பட்ட பெட்டி. உடையாது என்று தலையாட்டினேன்.

மத்தியானம் நீதிமன்றத்துக்குப் பின்னால் ஒரு சின்ன ஓட்டலில் பரோட்டா சாப்பிட்டேன். சால்னா வேண்டுமா என்று யாரும் கேட்கவில்லை, ஊற்றிவிட்டார்கள். போதும் என்று கையைக் காட்டினேன். அதை இன்னும் வேண்டும் என்று எடுத்துக்கொண்டு மறுபடியும் ஊற்றினார்கள். ஜெர்மனியில் ரொட்டிக்கு வெண்ணெய் கேட்டாலே தனி ரசீது வரும்.

படத்தைப் போட்டவர் ஏழுமலை. சின்னசேலத்துக்காரர், கள்ளக்குறிச்சியில் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருக்கிறார், வயது முப்பது இருக்கலாம். டீ வரவழைத்து, ஸ்டூலைத் துடைத்துப் போட்டு உட்காரவைத்தார். நான் நேராக விஷயத்துக்கு வந்தேன்.

“எம்டன்ல இருந்தவர் உங்களுக்கு என்ன உறவு? தாத்தாவுக்குத் தாத்தாவா?”

“எம்டன்லியா? இன்னா மேடம் சொல்றீங்க? எம்டன் எங்க மாமியாருங்க.”

“மாமியாரா!”

“பச்சையம்மான்னு பேரு. வெள்ளிமல பக்கம் வூடு, அங்க அப்டிக் கேட்டா யாருக்கும் தெரியாது. எம்டன் வூடுன்னு கேளுங்க, வூட்டு வாசல்லியே கொண்டாந்து வுட்டுடுவாங்க. சந்தையில யாவாரி தராசுல கைய வச்சா போதும், அவன் அன்னிக்கி கட கட்டிக்கினு போவ வேண்டியதுதான்.”

சிங்கப்பூர், மாலுமி, மார்லீஸின் கண்ணாடிப் பெட்டி எல்லாம் என் கண்முன்னால் ஒவ்வொன்றாக மூழ்கின. “அப்போ ஜெர்மன்னு போட்டிருந்தீங்களே?” என்று கொஞ்சம் அதட்டலாகவே கேட்டேன்.

“கோட்டு ஜெர்மன்தாங்க. எங்க மாமனாரு உயிரோட இருக்கசொல்ல, சின்னசேலத்துல ரோட்டோரம் கொட்டி விக்கிற பழைய துணியில எடுத்தாரு. மூட்ட மூட்டயா வெளிநாட்டுலேர்ந்து வருமே, அது. ‘ஜெர்மன் சரக்கு, கிழியவே கிழியாது’ன்னு கடக்காரன் சொன்னானாம்.”

தன் செல்போனில் இன்னும் தெளிவான படங்களைக் காட்டினார். பெரிதாக்கிப் பார்த்தேன். கடற்படைக் கோட்டென்றால் பொத்தானில் நங்கூரம் இருந்தாக வேண்டும். மன்னர் ஆண்ட காலத்தில் நங்கூரத்துக்குமேல் கிரீடமும் இருந்தது. மன்னர் போனதும் கிரீடம் போயிற்று, நங்கூரம் தங்கிவிட்டது. இதிலோ இரண்டும் இல்லை. கோழித்தோல் மாதிரிச் சொரசொரப்புதான் இருந்தது. துணி சாம்பல் நிறம், இரண்டு வரிசைப் பொத்தான். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மன் தரைப்படைச் சிப்பாயின் மேல்கோட்டு அச்சு அசல் இப்படித்தான் இருக்கும். கப்பல் போனால் போகட்டும், கண்ணாடிப் பெட்டி பிழைத்தது என்று நினைத்துக்கொண்டேன்.

“இது அந்த மீசக்காரன் பட்டாளத்து கோட்டுதானா மேடம்?” என்று ஏழுமலை கேட்டார். குரல் இறங்கியிருந்தது. மூக்குக்குக் கீழே இரண்டு விரலை வைத்துக் காட்டினார்.

“இருக்கலாம். ஏன்?”

“அதாங்க பிரச்சனையே. படத்துக்கு கீழ எவனோ அப்டி எழுதியிருந்தான். நான் வாய வச்சிகினு சும்மா இல்லாம அத்தகிட்ட சொல்லிட்டேன். அவுங்க இன்னா பண்ணாங்கன்னு கேட்டுச்சி. அதயும் சொல்லிட்டேன். ஊரு ஊரா ஜனங்கள ரயில்ல ஏத்திகினு போயி கொன்னது, கொழந்தைங்கள கொன்னது, எல்லாத்தயும்.”

டீ கிளாஸை உருட்டிக்கொண்டே மீதியைச் சொன்னார். அவருடைய மகள் ஏழாம் மாதத்தில் மலையில் பிறந்தவள், உள்ளங்கையில் அடங்கும் அளவு. மழை கொட்டிக்கொண்டிருந்ததாம், கடும் குளிராம். எம்டன் அந்தக் கோட்டைப் போட்டு, குழந்தையை உள்ளே நெஞ்சோடு வைத்துப் பொத்தான்களைப் பூட்டிக்கொண்டு, ஜீப்பில் கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரி வரைக்கும் அணைத்தபடியே வந்தாராம். குழந்தை பிழைத்தது. இப்போது பள்ளிக்கூடம் போகிறது.

“இப்ப எங்க அத்த வாயில வர்றது ஒரே வார்த்ததான். ‘கொலகாரன் கோட்டுலயா எம் பேத்திய பொத்தி வச்சேன்?’ அன்னிக்கி கயட்டி மாட்டுக்கொட்டாயில தொங்கவுட்டதுதான், தொடவே இல்ல. நெசமா அவுங்க கோட்டுதான்னு தெரிஞ்சா கொளுத்திடுவேன்னு சொல்லிகினு இருக்குது. நீங்க படிச்சவங்க, வந்து பாத்து சொல்லிடுங்க.”

போர்க்காலத்துக் கோட்டாக இருந்தால் எனக்குக் கொண்டாட்டம், அந்த அம்மாவுக்கு ஆயுசுக்கும் உறுத்தல். இல்லையென்றால் நான் வெறும் பெட்டியோடு மார்லீஸ் முகத்தில் விழிக்க வேண்டும். எது நடக்க வேண்டும் என்று வேண்டிக்கொள்வது என்றே தெரியாமல் லாட்ஜுக்குப் போனேன்.

மறுநாள் காலை ஏழுமலையும் நானும் கச்சிராயபாளையம் வழியாக வெள்ளிமலை போகும் பேருந்தில் ஏறினோம். என் காலடியில் ஒரு உர மூட்டை, மடியில் யாருடையதோ சாப்பாட்டுக் கூடை, தலைக்குமேல் என் அட்டைப்பெட்டி. ஜெர்மன் ரயிலில் பக்கத்து இருக்கைக்காரர் தும்மினால்கூட மன்னிப்புக் கேட்பார், அதற்குமேல் ஒரு வார்த்தை பேச மாட்டார். இங்கே கோமுகி அணை வருவதற்குள் எனக்குக் கல்யாணம் ஆகிவிட்டதா, மாப்பிள்ளை வெள்ளைக்காரனா, மாட்டுக்கறி தின்பானா என்கிற வரைக்கும் விசாரணை முடிந்துவிட்டது. மலைப்பாதை வளைவு ஒன்றில் மரவள்ளிக்கிழங்கு ஏற்றிய டிராக்டர் குறுக்கே நின்றுவிட்டது. எல்லாரும் இறங்கினோம். யாரும் அலுத்துக்கொள்ளவில்லை. பலாப்பழம் இருந்திருந்தால் அறுத்துத் தின்றிருக்கலாமே, சீசன் இல்லையே என்று ஒருவர் வருத்தப்பட்டார்.

“எங்க எறங்கணும்?” என்றார் கண்டக்டர்.

“எம்டன் வூட்டாண்ட” என்றார் ஏழுமலை.

கண்டக்டர் நிமிர்ந்து உட்கார்ந்தார். “டிரைவரண்ணே, எம்டன் வூட்டுக்கு ஆளு. பாத்து நிறுத்துண்ணே, தள்ளி நிறுத்தனா போன தடவ மாதிரி நம்மள புடிச்சிக்கும்.”

நான் கற்பனையில் ஆறடிக்கு ஒரு பெண்ணை நிறுத்தி வைத்திருந்தேன். எம்டன் என் தோளுயரம்கூட இல்லை. அறுபதை ஒட்டிய வயது, காய்ந்த முருங்கைக் கிளை மாதிரி உடம்பு, மேலே நைந்துபோன ஒரு துண்டு. மலைக்குளிரில் லேசாக இருமிக்கொண்டே என் பெட்டியைச் சுற்றி வந்தார்.

“இது இன்னாத்துக்கு மாப்ள? சவப்பொட்டி கணக்கா?”

“கோட்டு எடுத்துகினு போறதுக்காம் அத்த.”

“நான் இன்னும் குடுக்கறேன்னே சொல்லல, அதுக்குள்ள பொட்டியா?” என்று என்னைப் பார்த்தார். “ஏம்மா, நீ எதுக்கு வந்திருக்க? நெசத்த சொல்லவா, கோட்ட தூக்கிகினு போவவா?”

“ரெண்டுக்கும்தாங்க” என்றேன். வேறு எதைச் சொன்னாலும் மாட்டிக்கொள்வேன் என்று தோன்றியது.

“சர்தான். மொத சாப்புடு.”

சாமைச் சோறு, மொச்சைக்கொட்டைக் குழம்பு, சுட்ட கருவாடு. சாமையை நான் கடைசியாகப் பார்த்தது ஜெர்மனியில், ஆரோக்கிய உணவுக் கடையில், தங்கம் மாதிரிப் பொட்டலம் கட்டி. இங்கே மூன்றாம் தடவையும் அகப்பையால் போட்டார். நான் சாப்பிட்டு எழுந்திருக்கும்வரை கோட்டைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

பிறகு மாட்டுக்கொட்டகைக்குக் கூட்டிப்போனார். கையுறையை மாட்டிக்கொண்டு கோட்டை இறக்கினேன். சாணிப் புகையும் மழையும் வியர்வையும் சேர்ந்த வாசனை. பூச்சி அரிக்கவே இல்லை. எங்கள் அருங்காட்சியகத்தில் இவ்வளவு நல்ல நிலையில் ஒரு கோட்டு கிடையாது என்பதை வயிற்றெரிச்சலோடு பதிவு செய்கிறேன்.

“அதுல இன்னா இருக்குதுன்னு தேடற?”

“போர்க்காலச் சட்டைன்னா வலது மார்புல கழுகு தெச்சிருப்பாங்க. மேல்கோட்டுல அது கிடையாது. அதனால கழுகு இல்லாததை வச்சு ஒண்ணும் சொல்ல முடியாது. தோள்பட்டையில பதவியைக் காட்டற பட்டை இருக்கும், ஓரத்துல கலர் நூல். காலாட்படைக்கு வெள்ளை, பீரங்கிக்குச் சிவப்பு, டாங்கிப் படைக்கு ரோஸ்.”

“ரோஸா? கொல்லப் போறவனுக்கு ரோஸ் ஒரு கேடா?” என்றார்.

தோளில் இருந்த பட்டைகளை எப்போதோ பிடுங்கியிருந்தார்கள். ஆனால் பூதக்கண்ணாடியில் காலரைப் பார்த்தபோது இரண்டு பக்கமும் வரிசையாக ஊசித் துளைகள் தெரிந்தன. அங்கே ஏதோ பட்டை தைத்திருக்கிறார்கள். இரண்டாம் போரில் சாதாரணச் சிப்பாயின் மேல்கோட்டுக் காலரில் பட்டை கிடையாது. எனக்குள் ஒரு சந்தேகம் எழுந்தது. போர் முடிந்து ஜெர்மனி இரண்டாகப் பிரிந்தபோது, கிழக்கு ஜெர்மனி தன் புதிய ராணுவத்துக்குப் பழைய உடுப்பின் வெட்டையே வைத்துக்கொண்டது. அதே மாதிரி இரட்டை வரிசை, அதே சொரசொரப் பொத்தான். சில மேல்கோட்டுகளில் காலர்பட்டையும் இருக்கும். அந்த மாதிரிக் கோட்டுகள்தான், அந்த நாடே இல்லாமல் போனபிறகு, மூட்டை மூட்டையாக உலகம் முழுக்க விலைக்குப் போயின.

ஆனால் துளையை மட்டும் நம்பி ஒரு பெண்ணின் உறுத்தலைத் தீர்த்துவைக்க முடியாது. உள்துணியில் ஆலையின் முத்திரை இருந்தால்தான் நிச்சயம். உள்ளே திருப்பினேன். முத்திரை இருக்க வேண்டிய இடத்தில் சிவப்புக் கட்டம் போட்ட லுங்கித் துணியில் ஒரு ஒட்டு. கோணல்மாணலான தையல்.

“இதைப் பிரிக்கணும்” என்றேன்.

எம்டன் கோட்டை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார். “அது எங்கூட்டுக்காரரு வச்சி தெச்சது. பிரிக்க வாணாம்.”

“பிரிச்சாதான் தெரியும்.”

“தெரிஞ்சி அவுனுங்க கோட்டுன்னு ஆயிடுச்சின்னா? இப்பவாவது இருக்குமோ இருக்காதோன்னு கெடக்குது.” அந்தச் சிறிய முகம் சுருங்கிப்போனது. எம்டன் பயப்பட்டதை ஏழுமலை அன்றுதான் பார்த்தாராம், பிறகு என்னிடம் சொன்னார். தெரியாவிட்டால் போகட்டும் என்றுகூட நினைத்தேன்.

“அவங்க கோட்டா இருந்தா கொளுத்தாதீங்க, என்கிட்ட குடுங்க” என்றேன்.

“கொலகாரன் கோட்டு உனக்கு எதுக்கு?”

“இப்படியெல்லாம் நடந்துச்சுன்னு அங்க உள்ள ஜனங்க பாக்கறதுக்கு. மறந்துட்டா மறுபடியும் தெச்சுப் போட்டுக்குவாங்க.”

எம்டன் என்னை ஏற இறங்கப் பார்த்தார். கோட்டை மறுபடியும் ஆணியில் மாட்டிவிட்டுப் போய்விட்டார்.

அன்றிரவு காட்டுப்பன்றிகள் வந்தன. நான் போர்வைக்குள் தூங்கிவிட்டேன், சத்தம்கூடக் கேட்கவில்லை. விடிந்து போய்ப் பார்த்தால், மரவள்ளித் தோட்டத்தின் கீழ்ப்பக்கம் ஏர் ஓட்டியதுபோல் புரண்டு கிடந்தது. பாதி தின்ற கிழங்குகள் சேற்றில் சிதறியிருந்தன. கோட்டைப் போட்டிருந்த காலத்தில் எம்டன் ராத்திரி முழுக்கத் தோட்டத்துப் பந்தலில் உட்கார்ந்து தகர டப்பாவை அடித்துக் காவல் காப்பாராம். இப்போது துண்டோடு போய், குளிர் தாங்காமல் நடுச்சாமத்தில் திரும்பிவிடுகிறார். வருஷத்து வெள்ளாமையே அந்தக் கிழங்குதான். அடுப்படியில் குந்தி, இருமி இருமிக் கண்ணில் தண்ணீர் வழிய உட்கார்ந்திருந்தார்.

“பிரிம்மா” என்றார் என்னைப் பார்க்காமலே. “எதுவா இருந்தாலும் இருந்துட்டு போவுது.”

நான் கத்தரிக்கோலை எடுத்தேன். முதல் தையலில் முனையை வைத்தேன், எடுத்தேன், மறுபடியும் வைத்தேன். ஆயிரம் கோட்டுகளைப் பிரித்திருக்கிறேன், ஒருமுறையும் தயங்கியதில்லை. எம்டன் கத்தரியைப் பிடுங்கிக்கொண்டார். “வுடு, நீ துணிய கிழிச்சிடுவ.” தானே ஒவ்வொரு தையலாக வெட்டினார். ஒட்டு விலகியது. அடியில் கறுப்பு மையில் அழியாத முத்திரை.

குனிந்து படித்தேன். இரண்டாம் போர்க் கோட்டென்றால் உடம்பளவுகள் ஒரு கொத்து எண்களாக இருக்கும். இதில் ஒரே ஒரு எழுத்தும் ஒரு எண்ணும் மட்டும். கீழே மூன்றெழுத்து. கிழக்கு ஜெர்மனியின் அரசு ஆலைகள் எல்லாவற்றுக்கும் பொதுவான மூன்றெழுத்து. காலர் துளையொன்றில் ஒட்டிக்கொண்டிருந்த நூல் துணுக்கையும் வெளிச்சத்தில் பார்த்தேன். வெள்ளை. அந்த நாட்டுக் காலாட்படைக்கும் வெள்ளைதான். அங்கேயும் நாட்டைவிட்டுத் தப்பியோடியவர்களைச் சுட்ட எல்லைக் காவலர்கள் இருந்தார்கள், அவர்கள் பட்டையின் நிறம் பச்சை. இது பச்சை இல்லை.

“அவங்க கோட்டு இல்லீங்க” என்றேன். “அவங்க ஒழிஞ்சதுக்கு அப்புறம் பல வருஷம் கழிச்சுத் தெச்சது. வேற நாடு, வேற பட்டாளம். சாதாரண சிப்பாய் எவனோ குளிருக்குப் போட்டது.”

“நெசமாத்தான் சொல்றியா? என் மனசு ஆறட்டும்னு சொல்லலியே?”

“சத்தியமா. எங்க ஆபீஸ்லயும் இதையேதான் எழுதுவேன்.”

எம்டன் கோட்டை மடியில் போட்டுக்கொண்டு முகத்தை அதில் புதைத்துக்கொண்டார். தோள் குலுங்கியது. ஏழுமலை எதையோ எடுக்கப்போவதுபோல் வெளியே நழுவினார். நான் எங்கே பார்ப்பது என்று தெரியாமல் அடுப்பைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சந்தோஷமாக இருந்தது. என் பெட்டி காலி என்பது அப்போது ஞாபகத்திலேயே இல்லை.

மூக்கைச் சிந்திப் போட்டுவிட்டு நிமிர்ந்தார். பழைய குரல் திரும்பியிருந்தது. “ஆமா, அந்த வேற பட்டாளம் எந்த சண்டைக்கு போச்சி?”

“எந்தப் போருக்கும் போகலீங்க. அந்த நாடு கலைஞ்சுபோற வரைக்கும் பயிற்சியும் அணிவகுப்பும்தான்.”

“இன்னாது?” அவருக்கு வந்த கோபத்தைப் பார்க்க வேண்டும். “சண்டைக்கே போவாத கோட்டா இது? இத போட்டுகினா நான் இத்தினி வருசமா பன்னிகிட்ட மல்லுக்கு நின்னேன்?”

அப்படியே எழுந்து கோட்டை மாட்டிக்கொண்டார். அது அவருடைய கணுக்கால்வரை வந்தது. இரண்டு வரிசைப் பொத்தானையும் பூட்டினார், லுங்கி ஒட்டைத் திரும்பத் தைக்க ஊசி வாங்கிவரச் சொல்லி மாப்பிள்ளையை விரட்டினார். மூலையில் கிடந்த தடியையும் தகர டப்பாவையும் எடுத்துக்கொண்டு, பட்டப்பகலில், சேதத்தைப் பார்க்கத் தோட்டத்துக்கு இறங்கினார்.

அந்த நேரம் பார்த்து என் செல்போன் அடித்தது. மார்லீஸ். அவளால் பொறுக்க முடியவில்லை. “ஒரே ஒரு கேள்வி, ஆமா இல்லை என்று சொல்லு. அது போரில் பயன்பட்ட கோட்டா?” என்று ஜெர்மனில் கேட்டாள்.

கீழே தோட்டத்தில் தகர டப்பா அதிர ஆரம்பித்தது. பன்றிகளின் பரம்பரையையே இழுத்துத் திட்டும் குரல் மலை முழுக்கக் கேட்டது.

“ஆமாம்” என்றேன். “ஆனால் தர மாட்டார்கள். போர் இன்னும் நடந்துகொண்டிருக்கிறது.”